ஹரி பகதூர் குருங்குக்கு ஒரு பிரார்த்தனை

என் மகன் ஜிக்தல் இறந்து ஏழாவது வாரம் முடிகிற நாளில் எங்கள் வீட்டுக்கு ஒன்பது வெளிநாட்டுக்காரர்கள் மதியச் சாப்பாட்டுக்கு வந்தார்கள். வரவேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். சொல்லக்கூடாது என்று முடிவெடுத்தவன் நான்.

அவர்களை அழைத்து வருவது என் மகள் யூதோன். பொக்காரா ஏரிக்கரையில் இருக்கும் ஒரு சுற்றுலாக் கம்பெனியில் அவள் வழிகாட்டி. 'திபெத்திய அகதிகளோடு ஒரு நாள்' என்று அந்தச் சுற்றுலாவுக்குப் பெயர் வைத்திருக்கிறார்கள். காலையில் எங்கள் முகாமின் கம்பளம் நெய்யும் கூடம், அடுத்து முதியோர் இல்லம், மதியம் ஓர் அகதிக் குடும்பத்தின் வீட்டில் சாப்பாடு, மாலையில் மடாலயத்தில் பிரார்த்தனை. இருட்டுவதற்குள் வேன் அவர்களை ஏரிக்கரையில் கொண்டுபோய் விட்டுவிடும். அந்த அகதிக் குடும்பம் நாங்கள்தான்.

எங்களுக்கு வேறு பெயர் உண்டு. திபெத்தில், லித்தாங் பக்கத்தில் எங்களை 'வெள்ளை வாசல் வீட்டுக்காரர்கள்' என்பார்கள். என் அப்பாவின் பெயரைச் சொன்னால் மூன்று பள்ளத்தாக்குகளுக்கு அப்பாலும் முன்பின் தெரியாதவர்கள் குதிரைக்குத் தீவனம் வைப்பார்கள். இங்கே தகரக் கூரையின் கீழ் வாழ்ந்தாலும் அந்த வீட்டின் பெயர் என்னோடு மலை தாண்டி வந்தது. இந்த முகாமுக்குப் பல வருஷங்கள் தலைவனாக இருந்திருக்கிறேன். வாங்தக் சொன்னால் சொன்னதுதான் என்று இன்றும் சொல்வார்கள்.

எங்கள் பிள்ளைகளுக்கு அகதி அட்டை கொடுப்பதை நேபாள அரசாங்கம் நிறுத்தி வெகுகாலம் ஆகிறது. அட்டை இல்லாதவனுக்கு வேலை இல்லை, பாஸ்போர்ட் இல்லை. அதனால் பையன்கள் ஒரு வழி கண்டுபிடித்தார்கள். ஏதாவதொரு மலைக் கிராமத்து நேபாளியின் பெயரை விலைக்கு வாங்கி, அந்தப் பெயரில் பாஸ்போர்ட் எடுத்து, தங்கள் படத்தை ஒட்டிக்கொண்டு விமானம் ஏறுவது. எங்கள் முகாமில் முதலில் அப்படிப் போனவன் பக்கத்து வீட்டுப் பால்தெனின் மகன். விஷயம் தெரிந்ததும் நான் பொதுக்கூட்டம் கூட்டினேன். "அப்பன் வெச்ச பேரைக் கழட்டி எறிஞ்சிட்டுப் போறவன் நம்ம ஆளே இல்லை" என்று எல்லார் முன்னாலும் சொன்னேன். பால்தென் தலையைக் குனிந்துகொண்டு வெளியேறினான். அன்று சொன்னது சரி. இன்று கேட்டாலும் அதையேதான் சொல்வேன்.

நான்கு வருஷம் கழித்து ஜிக்தல் போனான். என்னிடம் சொல்லவில்லை. தில்லி விமான நிலையத்திலிருந்து தங்கைக்குப் போன் செய்தான். பாஸ்போர்ட்டில் அவன் பெயர் ஹரி பகதூர் குருங்.

பெல்ஜியத்தில் ஒரு மடாலயம் அவனை மொழிபெயர்ப்பு வேலைக்கு அழைத்திருக்கிறது என்று முகாமில் சொன்னேன். ஒரு முறை சொன்னால் அதை நிற்க வைப்பது சொன்னவனின் கடமை. நிற்க வைத்தேன்.

அங்கே அவன் கூரைகளுக்கு ஓடு மாற்றும் வேலையில் இருந்தான். மழை பெய்த மறுநாள் சறுக்கி விழுந்தான். கூடத் தங்கியிருந்த பையன் யூதோனுக்குப் போன் செய்து அழுதான். ஆஸ்பத்திரியில் எழுதிக்கொண்டது ஹரி பகதூர் என்றுதான். உண்மையான ஹரி பகதூர் லம்ஜுங் மலையில் எருமை மேய்த்துக்கொண்டு உயிரோடு இருக்கிறான். நான் சாகவில்லை என்று அவன் எப்படிச் சொல்வான்? செத்தவன் எங்கள் பிள்ளை என்று நாங்கள் எப்படிச் சொல்வோம்? கேட்க ஆள் இல்லாத உடம்பை அந்த ஊர்க்காரர்களே ஒரு மூலையில் புதைத்துவிடுவார்களாம்.

இறந்தவனுக்குத் தான் இறந்தது தெரியாது. நாற்பத்தொன்பது நாள் அலைவான். வீட்டுக்கு வருவான், வாசலில் நிற்பான், பேசுவான். யாரும் பதில் சொல்லாதது ஏன் என்று புரியாமல் தவிப்பான். அதனால் வாராவாரம் துறவிகளை வைத்து ஓதச் சொல்வோம். தினமும் வறுத்த பார்லி மாவில் வெண்ணெய் கலந்து தணலில் போடுவோம். அந்தப் புகைதான் அவனுக்குச் சாப்பாடு. கடைசி நாளில் மடாலயத்தில் அவன் பெயரை மூன்று முறை உரக்கச் சொல்லி அழைப்பார்கள். தன் பெயரைக் கேட்டதும் அவன் திரும்பிப் பார்ப்பான். அப்போது வழி காட்டுவார்கள். அதோடு சரி. அதற்கப்புறம் அழைத்தால் கேட்காது.

நாங்கள் துறவிகளை அழைக்கவில்லை. மாவை மட்டும் என் மனைவி சாம்கி ஜன்னலையெல்லாம் சாத்திவிட்டு அடுப்பில் போட்டு வந்தாள். அந்த வாசனை முகாமில் எல்லோருக்கும் தெரியும்.

அன்று காலை அவள் பாத்திரத்தைக் கீழே வைத்துவிட்டு என் எதிரில் வந்து நின்றாள்.

"இன்னிக்குக் கடைசி நாள்ங்க."

"தெரியும்."

"இன்னிக்கும் பேர் சொல்லலேன்னா அப்புறம் எப்பவும் சொல்ல முடியாது."

"சொன்னா கூடத்துல உட்கார்ந்திருக்கற அத்தனை பேர் காதுலயும் விழும்."

"விழட்டுமே. செத்தவனுக்காகச் சொல்றதா, உட்கார்ந்திருக்கறவங்களுக்காகச் சொல்றதா?"

"எப்படிச் செத்தான்னு கேப்பாங்க. எந்த மடாலயம்னு கேப்பாங்க. பால்தென் சிரிப்பான்."

"சிரிச்சா சிரிச்சுட்டுப் போறான். அந்தப் பொக்கை வாய்க்குப் பயந்தா என் புள்ளையை நடுத்தெருவுல விடறீங்க?"

யூதோன் கதவருகில் நின்றிருந்தாள். "அப்பா, நான் கம்பெனிக்குப் போன் பண்ணி உடம்பு சரியில்லைன்னு சொல்லிடறேனே. இன்னிக்கு ஒருநாள் அம்மாவை விட்டுடுங்களேன்."

"எல்லா வாரமும் வந்த வேன் இன்னிக்கு மட்டும் ஏன் வரலைன்னு முகாம் கேக்கும். வரட்டும்." சாம்கியின் பக்கம் திரும்பினேன். "பவழ மாலையைப் போட்டுக்கோ. இடுப்புல கோடு போட்ட முன்துணியைக் கட்டிக்கோ. அவங்க படம் எடுப்பாங்க."

துக்க வீட்டில் பெண்கள் நகை போடுவதில்லை, முன்துணி கட்டுவதில்லை. தலைகூடக் கழுவுவதில்லை. இது எனக்குத் தெரியாததா? ஆனால் எங்கள் வீடு துக்க வீடு என்று யாருக்கும் தெரியக்கூடாது.

சாம்கி மாலையைப் போட்டுக்கொண்டாள். "வேஷத்துக்கு இது போதுமா, இல்லே ஆடவும் சொல்வீங்களா?" என்றாள்.

வேன் வந்தது. ஒன்பது பேரும் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து கைகூப்பினார்கள். யூதோன் என்னைக் காட்டி ஏதோ சொன்னாள். எல்லோரும் என்னைப் பார்த்துத் தலையாட்டினார்கள். நான் முதுகை நிமிர்த்தி உட்கார்ந்தேன். எனக்கு ஆங்கிலம் வராது. ஆனால் பரிதாபம் எந்த மொழியில் வந்தாலும் முகத்தில் தெரியும். அதைக் கண்டால் நான் சுவரைப் பார்ப்பேன்.

சாம்கி மோமோவும் வெண்ணெய்த் தேநீரும் கொண்டுவந்து வைத்தாள். தாடி வைத்த ஒரு பையன் தேநீரை ஒரு வாய் குடித்துவிட்டு முகம் கோணாமல் இருக்கப் பெரும்பாடு பட்டான். எப்போதும் இந்த இடத்தில் சாம்கி சிரிப்பாள். அன்று கோப்பையை எடுத்துப் போய்ச் சர்க்கரைத் தேநீர் ஊற்றிக் கொடுத்தாள்.

பையன் என்னைப் பார்த்து ஏதோ கேட்டான்.

"உங்களுக்கு எத்தனை பிள்ளைங்கன்னு கேக்கறார்ப்பா," என்றாள் யூதோன். அவள் குரல் கீழே இறங்கியிருந்தது.

"ரெண்டு. மூத்தவன் பெல்ஜியத்துல இருக்கான்."

அவள் மொழிபெயர்த்தாள். அவர்களுக்குச் சந்தோஷம். ஒருவர் பெல்ஜியத்துச் சாக்லேட்டைப் பற்றி ஏதோ சொல்ல, எல்லோரும் சிரித்தார்கள்.

அந்தச் சிரிப்பைக் கேட்டுத்தான் பால்தென் எட்டிப் பார்த்தான். அழைக்காமலே உள்ளே வந்து, ஒரு மோமோவை எடுத்து வாயில் போட்டுக்கொண்டான்.

"என்ன தலைவரே, இன்னிக்குக் கடை களை கட்டியிருக்கு? ஒன்பது பேரு! என் வீட்டுக்கும் ரெண்டு பேரை அனுப்பி வையுமேன். நானும் அகதிதான். உம்மைவிட நல்லா அழுதும் காட்டுவேன்."

"சாப்பிட்டாச்சுன்னா கிளம்பு."

"கிளம்பறேன், கிளம்பறேன். ஜிக்தல் எப்படி இருக்கான்? என் பையன் வாரா வாரம் போன்ல மூஞ்சியைக் காட்டறான். உம்ம பையன் சத்தமே காணோமே. மடாலயத்துல மௌன விரதமா?"

"வேலை ஜாஸ்தி."

"இருக்கும், இருக்கும். சொந்தப் பேர்ல போனவனாச்சே. மரியாதையான வேலையா இருக்கும்." மூக்கைச் சுளித்து உறிஞ்சினான். "என்ன அண்ணி இது, மாவு கருகுற வாசனை?"

சாம்கி கையில் இருந்த தட்டோடு அப்படியே நின்றாள்.

"மோமோ மாவு அடுப்புல விழுந்துடுச்சு," என்றேன் நான்.

பால்தென் என்னைப் பார்த்தான். அவளைப் பார்த்தான். அவள் கழுத்தில் இருந்த பவழத்தைப் பார்த்தான். ஏதோ கேட்க வாயெடுத்தவன், "பார்த்துப் பண்ணுங்க அண்ணி," என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனான். அந்தப் பவழ மாலைதான் அன்று எங்கள் மானத்தைக் காப்பாற்றியது.

சாப்பாடு முடிந்ததும் யூதோன் அவர்களிடம் மாலைப் பிரார்த்தனையைப் பற்றிச் சொல்லத் தொடங்கினாள். வழக்கமாகச் சொல்வதுதான். உங்களில் யாருக்காவது வேண்டியவர்கள் இறந்திருந்தால் என்னிடம் பெயரைச் சொல்லுங்கள், துறவிகள் அழைத்துப் பிரார்த்திப்பார்கள் என்பாள். வருகிறவர்களுக்கு இது மிகவும் பிடிக்கும். அன்று ஒரு பெரியவர் தன் தம்பியின் பெயரைச் சொன்னார். குட்டையாக முடி வெட்டிய ஒரு வயதான பெண்மணி வெகுநேரம் தயங்கி, கண்ணைத் துடைத்துக்கொண்டு எதையோ சொன்னாள்.

"அந்தம்மா யாரைச் சொல்றாங்க?" என்று கேட்டாள் சாம்கி.

யூதோன் தரையைப் பார்த்தாள். "அவங்க நாயைம்மா. போன மாசம் செத்துப் போச்சாம். பதினாலு வருஷம் கூட இருந்துதாம். நாய்க்கும் சொல்லலாமான்னு கேக்கறாங்க."

"சொல்லலாம்னு சொல்லு," என்றாள் சாம்கி. "எல்லா உயிரும் ஒண்ணுதான்."

பிறகு சமையலறைக்குள் போனாள். நானும் பின்னால் போனேன். அடுப்பின் முன் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றாள். அழவில்லை. வீட்டார் அழுதால் அந்தக் கண்ணீர் இறந்தவனின் வழியில் ஆலங்கட்டி மழையாக விழும். ஏழு வாரமாக அவள் அழவே இல்லை.

"நாய்க்குக் கிடைக்குது," என்றாள்.

எனக்கு அப்போது ஒரு வழி தோன்றியது. மகளை அழைத்தேன்.

"யூதோன், வெள்ளைக்காரங்க சொன்ன பேரோட இன்னொண்ணையும் சேர்த்துச் சொல்லு. ஹரி பகதூர் குருங்."

அவள் புரியாமல் விழித்தாள்.

"அவங்கள்ல யாரோ குடுத்த பேருன்னு நினைச்சுப்பாங்க. ஒருத்தரும் கேக்க மாட்டாங்க. அவன் செத்ததும் அந்தப் பேர்லதானே?"

"அது அவன் பேர் இல்லியே," என்றாள் சாம்கி, திரும்பாமலே.

"பாஸ்போர்ட்ல இருந்தது அவன் மூஞ்சிதான்."

"மூஞ்சியையா கூப்பிடுவாங்க?"

"இதுக்கு மேல என்னால இறங்கி வர முடியாது. வேணும்னா சொல்லு, வேண்டாம்னா விடு."

யூதோன் அம்மாவைப் பார்த்தாள். சாம்கி அடுப்பில் இருந்த தணலைக் கிளறினாள். பிறகு, "ஒண்ணுமே இல்லாததுக்கு..." என்று தொடங்கி, முடிக்காமல் கையைத் துடைத்துக்கொண்டாள். அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டேன்.

மாலையில் மடாலயக் கூடத்தில் முகாமின் பெரியவர்கள் சுவரோரமாக உட்கார்ந்திருந்தார்கள். எனக்கென்று எப்போதும் விடுகிற இடத்தில் போய் உட்கார்ந்தேன். சாம்கி பெண்கள் பக்கம் இருந்தாள். வெளிநாட்டுக்காரர்கள் கதவருகே மெத்தைகளில் முழங்காலை மடக்க முடியாமல் நெளிந்துகொண்டிருந்தார்கள். யூதோன் குனிந்தபடி நடந்து போய், ஓதுதலை நடத்தும் மூத்த துறவி தார்ச்சினின் காதில் ஒவ்வொரு பெயராகச் சொன்னாள்.

ஓதல் வெகுநேரம் நடந்தது. பிறகு மணி ஒலிக்க, தார்ச்சின் பெயர்களை அழைக்கத் தொடங்கினார். முதலில் அந்தப் பெரியவரின் தம்பி. மூன்று முறை. அடுத்து, அதே ஆழ்ந்த குரலில், "பிஸ்கட்" என்றார்.

பின்வரிசைச் சிறு துறவிகள் இரண்டு பேர் அங்கியை வாயில் திணித்துக்கொண்டார்கள். "பிஸ்கட்" என்றார் மீண்டும். அந்தப் பெண்மணி இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். தோள் குலுங்க, சத்தமாக, யாரைப் பற்றியும் கவலையில்லாமல் அழுதாள். சாம்கி அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு பிச்சைக்காரி பலகாரக் கடையைப் பார்ப்பதுபோல என் மனைவி அந்த அழுகையைப் பார்த்தாள்.

"ஹரி பகதூர் குருங்."

மூன்று முறை சொன்னார். கூடத்தில் யாரும் அசையவில்லை. யாருக்கும் அது யாருமில்லை. எனக்கும் அப்படித்தான் கேட்டது. தார்ச்சினின் குரல் கூரையில் பட்டு இறங்கியது. என்னை அறியாமல் கதவின் பக்கம் பார்த்தேன். அங்கே கேமராவை மடியில் வைத்துக்கொண்டு தாடிக்காரப் பையன் கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தான்.

மணியைக் கீழே வைப்பதற்கு முன் கூடத்தைப் பார்த்துக் கேட்பது வழக்கம். தார்ச்சின் கேட்டார்: "இன்னும் யாராவது இருக்காங்களா?"

அவர் கண்கள் சுவரோரமாக ஒவ்வொரு முகமாக வந்தன. என் முகத்தில் கொஞ்சம் நின்றதுபோல் இருந்தது. நிற்க வேண்டிய அவசியம் இல்லை. நான் பழைய தலைவன் என்பதால் இருக்கலாம். சாம்கி என்னைப் பார்க்கவில்லை. கண்ணை மூடியிருந்தாள். உதடுகள் மட்டும் அசைந்தன. அவளே சொல்லிவிடுவாளோ என்று பயந்தேன். ஆனால் வெள்ளை வாசல் வீட்டு மருமகள் கணவன் இருக்கும் சபையில் வாய் திறந்ததில்லை. நாற்பது வருஷமாகத் திறக்காத வாய்.

ஜிக்தல். இரண்டே அசை. என் நாக்கின் நுனியில் இருந்தது. எதிர்ச் சுவரில் பால்தென் உட்கார்ந்து என்னைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவன் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் பரவாயில்லை. சாப்பிட வந்த அந்த வெளிநாட்டுக்காரர்களின் முகத்தில் பார்த்தேனே, அதுதான் அவன் முகத்திலும் இருந்தது. நான் சுவரைப் பார்த்தேன்.

தார்ச்சின் மணியைக் கீழே வைத்தார். கொம்புகள் முழங்கின.

வெளியே முற்றத்தில் வெளிநாட்டுக்காரர்கள் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தார்கள். அந்தப் பெண்மணி சாம்கியின் கையைப் பிடித்துக்கொண்டு திரும்பத் திரும்ப ஏதோ சொன்னாள். "மனசு லேசாயிடுச்சாம்மா," என்றாள் யூதோன். சாம்கி தலையாட்டினாள். தார்ச்சின் எங்கள் பக்கமாக வந்து நின்றார்.

"யாரும்மா அந்த ஹரி பகதூர்? நேபாளி ஆள் பேரு மாதிரி இருக்கே."

யூதோன் வாயைத் திறந்தாள். நான் முந்திக்கொண்டேன்.

"தெரியலை. அவங்க குடுத்த பேரு. மலையேறப் போனப்ப மூட்டை தூக்கினவனா இருக்கும்."

"அப்படியா? நல்ல மனுஷங்க. மூட்டை தூக்கினவனைக்கூட ஞாபகம் வெச்சிருக்காங்க பாருங்க." அவர் அங்கியை இழுத்துப் போர்த்திக்கொண்டு உள்ளே போனார்.

வேன் கிளம்பியது. யூதோன் அவர்களோடு போக வேண்டும். போகும்போது ஜன்னல் வழியாக அம்மாவைத்தான் பார்த்தாள். முற்றத்தில் நாங்கள் இருவரும் மிஞ்சினோம். மச்சபுச்சரே மலையின் உச்சியில் இருந்த கடைசி வெளிச்சமும் போய்விட்டது.

"முடிஞ்சுது," என்றேன். "வீட்டுக்கு வா."

அவள் பவழ மாலையைக் கழற்றினாள். முன்துணியை அவிழ்த்து நிதானமாக மடித்தாள்.

"வந்திருப்பான்," என்றாள். "நிச்சயமா வந்து வாசல்ல நின்னிருப்பான். இந்த ஏழு வாரமா வீட்டு வாசல்ல நின்ன மாதிரி. அவரு ஹரி பகதூர்னு கூப்பிட்டதும், வேற யாரையோ கூப்பிடறாங்கன்னு நினைச்சு ஒதுங்கி வழி விட்டிருப்பான். அடுத்தவங்களுக்குன்னு வெச்சதைத் தொடாதேன்னுதானே வளர்த்தீங்க? உங்க புள்ளை. நல்லா வளர்ந்த புள்ளை."

"சாம்கி."

"மூணு வாட்டி வழி விட்டிருப்பான்."

மாலையையும் துணியையும் என் கையில் வைத்துவிட்டு நடந்தாள். நான் பின்னால் நடந்தேன், என் வழக்கமான நடையில். எதிரில் வந்த இரண்டு பேர் வணக்கம் சொன்னார்கள். பதில் வணக்கம் சொன்னேன். எங்கள் வீடு வந்தது. அவள் நிற்கவில்லை. வாசலைத் தாண்டி, பால்தென் வீட்டைத் தாண்டி, முகாமின் வளைவைத் தாண்டி நெடுஞ்சாலைப் பக்கமாகப் போய்க்கொண்டே இருந்தாள். கழுத்தில் ஒன்றும் இல்லாமல், இடுப்பில் ஒன்றும் இல்லாமல், துக்கக்காரியாக.

கூப்பிட்டால் அவள் காதில் விழும் தூரம்தான். ஆனால் எல்லா வீடுகளிலும் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. எல்லா வாசல்களிலும் ஆட்கள் உட்கார்ந்திருந்தார்கள். நான் கதவைத் திறந்து உள்ளே போனேன்.